எந்தக் கோப்பைக்கு நேர்ந்துகொண்டாய், மணி?

முனியப்பனையும் அமெரிக்க ஆட்டம் பார்க்க வைத்துவிட்டுப் போன என் தம்பி மணிக்கு,

'நல்லா இருக்கியா' என்று எழுதிவிட்டு அடித்துவிட்டேன். கை பழக்கத்தில் எழுதிவிட்டதுடா. ஆடியில் காய்ச்சல் என்று பெங்களூரில் படுத்தவன் நீ, திரும்பி வரவே இல்லை. இப்போது தை நடக்கிறது. இத்தனை நாளும் உன்னிடம் எதையும் கேட்கத் தோன்றவில்லை. அழுவதற்கே பொழுது சரியாக இருந்தது. இப்போது கேட்டே ஆக வேண்டிய நிலைமை வந்துவிட்டது.

சுற்றி வளைக்காமல் கேட்கிறேன். போன தையில் முனியப்பன் முன்னால் நின்றுகொண்டு, "எங்க டீமு கோப்பையைத் தூக்கிருச்சுன்னா உனக்குக் கிடா வெட்டறேன் சாமி" என்று வேண்டிக்கொண்டாயே, அது எந்தக் கோப்பை? அங்கே இரண்டு கோப்பை இருக்கிறதாமே? உனக்குத் தெரியாமலா இருந்திருக்கும்? எதற்கு இப்படி மொட்டையாக வேண்டிக்கொண்டு எங்களை மாட்டிவிட்டாய்?

அந்தக் காலையை நான் மறக்கவில்லை. லீவுக்கு வந்திருந்தாய். அமெரிக்காவில் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஆடுகிற ஆட்டம் நமக்குத் திங்கட்கிழமை விடியலில் வரும். போனைத் தண்ணீர்ச் சொம்பில் சாய்த்து வைத்து, போர்வைக்குள் உட்கார்ந்து பார்த்தாய். உன் டீம் தோற்றது. நீ பல்கூட விளக்காமல் எழுந்து கோயில் பக்கம் நடந்தாய். உன் முகம் போன போக்கைப் பார்த்துப் பயந்து அம்மா பின்னாலேயே ஓடினாள். அங்கே பூசாரி வாசல் பெருக்கிக்கொண்டிருந்தாராம். நீ வேண்டிக்கொண்டதற்கு அவர்கள் இரண்டு பேர்தான் சாட்சி. நான் வீட்டில் தோசைக்கல்லோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். நான் அங்கே இருந்திருந்தால் எந்தக் கோப்பை என்று அப்போதே கேட்டிருப்பேன்.

அடுத்த சந்தையில் பாப்பாரப்பட்டிக்குப் போய் ஒரு குட்டியை வாங்கி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தாய். அது உன் பேன்ட்டை நனைத்துவிட்டதைக்கூடப் பெருமையாகச் சொன்னாய். அதோடு விட்டாயா? அந்த ஆட்டத்தில் புள்ளி எடுப்பதற்குச் சொல்கிற டச்டவுன் என்று பேர் வேறு வைத்தாய். அம்மா வாயில் அது டச்சு ஆகிவிட்டது. உன் மாமா அன்றைக்கே சொன்னார்: "மாப்ள, நேந்து விட்ட கிடாவுக்குப் பேரு வெக்காதீங்க. பேரு வெச்சா வூட்டு ஆளு ஆயிரும், அப்புறம் கத்தி எடுக்க வராது." என் வீட்டுக்காரர் பேச்சை நம் வீட்டில் யார் கேட்டார்கள்?

ஊருக்கு வருகிற ஞாயிறெல்லாம் அதைக் குளிப்பாட்டுவாய். தண்ணீர் ஊற்றின கையோடு அது உடம்பை ஒரு சிலுப்பு சிலுப்பும், நீ தலையிலிருந்து கால் வரை நனைந்து சிரிப்பாய். அம்மா வந்து பிடித்துக் காட்டுவாள். கொம்படியில் கட்டைவிரலை அழுத்தி, மற்ற விரல்களைத் தாடைக்கு அடியில் கொடுத்து இறுக்கிப் பிடித்தால் ஆடு எவ்வளவு தண்ணீர் ஊற்றினாலும் சிலுப்பாது. மருந்து ஊற்றும்போதெல்லாம் அம்மா அப்படித்தான் பிடிப்பாள். எனக்கும் சின்ன வயதிலேயே அந்தப் பிடி வந்துவிட்டது. நீ மட்டும் கற்றுக்கொள்ளவே இல்லை. நனைவதற்காகவே கற்றுக்கொள்ளவில்லையோ என்று இப்போது நினைத்துக்கொள்கிறேன்.

இந்த ஆட்டம் உன்னை எப்படிப் பிடித்தது என்றும் எனக்குச் சரியாகப் புரிந்ததில்லை. டிவிக்குக் கனெக்‌ஷன் கொடுக்கிற ஏதோ ஓர் அமெரிக்கக் கம்பெனிக்காக பெங்களூரில் உட்கார்ந்து போன் எடுத்தாய். ஆட்டம் நடக்கும்போது படம் நின்றுவிட்டால் அங்கேயிருந்து கத்துவார்களாம். பனி கொட்டுகிற ஏதோ ஓர் ஊர்க்காரர்கள் மட்டும் கத்தாமல் அழுவார்கள் என்று சொன்னாய். "எவ்ளோ தோத்தாலும் அடுத்த வருசம் மறுபடியும் வந்து உக்காருவாங்கக்கா, பாவம்" என்றாய். அந்த ஊர் டீமே உன் டீம் ஆனது. அதன் பெயரை எழுதினால் எனக்கும் தப்பும், அம்மாவுக்கும் புரியாது. நம் வீட்டில் அது மணி டீம்தான்.

நீ போன பிறகு டச்சுவை அம்மாதான் பார்த்துக்கொண்டாள். புரட்டாசி வாக்கில் ஒருநாள் தீவனம் வைத்துக்கொண்டே கேட்டாள்: "ஏம் பாப்பா, மணி டீமு இப்ப ஆடுதா?"

"ஆரம்பிச்சிருப்பாங்கம்மா. எதுக்கு?"

"என்னாச்சுன்னு வாராவாரம் பாத்துச் சொல்லு. அது பாட்டுக்கு ஜெயிச்சு, நமக்குத் தெரியாமப் போயிருச்சுன்னா? வேண்டிக்கிட்டவன் போயிட்டான். வேண்டுதலு போவுமா? அது முடியாம எம்புள்ளைக்கு எப்படி நிம்மதி வரும்?"

அதிலிருந்து நம் வீட்டுக்கு அது ஒரு விளையாட்டு இல்லை மணி. உன் நிம்மதியே அந்தப் பனி ஊர்க்காரர்கள் கையில் இருக்கிறது என்று அம்மா நம்பினாள். நானும் நம்ப ஆரம்பித்தேன். தக்காளித் தோட்டத்தில் குனிந்து பறித்துக்கொண்டே ஸ்கோர் பார்க்கிறவள் இந்த ஜில்லாவிலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

உன்னோடு அறையில் தங்கியிருந்த ஓசூர்ப் பையன் பிரகாஷைத்தான் பிடித்தேன். பொறுமையானவன். அவனுக்கும் பொறுமை போகிற அளவுக்குக் கேட்டிருக்கிறேன். கால்பந்து என்கிறார்கள், காலால் தொடுவதே அபூர்வமாக இருக்கிறது, ஏன்? பந்து ஏன் முட்டை மாதிரி இருக்கிறது? நாலு தடவைக்குள் பத்து கஜம் முன்னேற வேண்டுமாம், முன்னேறினால் மறுபடி நாலு தடவையாம், இல்லையென்றால் பந்து அடுத்தவனுக்காம். சரி, அது கபடி மாதிரி கோட்டுக்கணக்கு என்று வைத்துக்கொண்டேன். கால் மணி நேரமாக நாலு பாகம் என்றால் ஒரு மணி நேரம்தானே? மூன்று மணி நேரம் ஏன் ஓடுகிறது? "கடிகாரத்த அப்பப்ப நிறுத்திருவாங்கக்கா" என்றான். கடிகாரத்தை நிறுத்தி வைத்து ஆடலாம் என்றால் எல்லோரும்தான் ஜெயிக்கலாம்.

மார்கழியில் அம்மா ஒரு கேள்வி கேட்டாள். "கோப்பை எப்பத்தான் குடுப்பாங்களாம்?" அங்கேதான் சனி பிடித்தது.

பிரகாஷ் விளக்கினான். மொத்தம் முப்பத்திரண்டு டீம். அதை இரண்டாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். ஒவ்வொன்றுக்கும் கான்ஃபரன்ஸ் என்று பேர். கான்ஃபரன்ஸ் என்றால் கலெக்டர் ஆபீஸில் கூட்டம் போடுவதல்லவா என்றேன். இல்லையாம். வடக்கு, தெற்கு என்று பிரித்தார்களா என்றால் அதுவும் இல்லையாம். ஒரே ஊரில் இரண்டு டீம் இருந்தால் ஒன்று இந்தப் பக்கம், ஒன்று அந்தப் பக்கமாம். ஒவ்வொரு பக்கத்திலும் ஏழு டீமை மட்டும் பொறுக்கி எடுத்து, தோற்றவன் வீட்டுக்குப் போகிற மாதிரி ஆட விடுகிறார்கள். அந்த ஏழில் முதலிடத்துக்காரனுக்கு முதல் சுற்றில் ஓய்வு. "நல்லா ஆடறவன உக்கார வெச்சு, சுமாரா ஆடறவன ஆட உடுவாங்களா?" என்று அம்மா கேட்டாள். எனக்கும் அதே சந்தேகம்தான். கடைசியில் ஒவ்வொரு பக்கத்திலும் இரண்டு இரண்டு டீம் மிஞ்சும். அந்த இரண்டும் மோதுவதுதான் கான்ஃபரன்ஸ் பட்டத்துக்கான ஆட்டம். மூன்று ஆட்டம் வைத்து அதில் யார் இரண்டு என்றெல்லாம் பார்ப்பதில்லை, ஒரே ஒரு ஆட்டம். அதுவும் பொது இடத்தில் இல்லை. வரிசையில் மேலே இருப்பவன் ஊரிலேயே நடக்கும்.

உன் மாமாதான் இதை அம்மாவுக்குப் புரிகிற பாஷையில் சொன்னார். "அத்தே, ரெண்டு பங்காளிக் கூட்டம்னு வெச்சுக்கங்க. இந்தக் கூட்டத்துக்குள்ள பெரியவன் யாருன்னு முடிவு பண்ற ஆட்டம் இது." அம்மா தலையாட்டினாள். அவர் அத்தோடு நிறுத்திவிட்டார். அந்தப் பக்கத்துப் பெரியவனோடு அப்புறம் மோத வேண்டும் என்பதைச் சொல்லவில்லை. அவருக்கே தெரியவில்லை. எனக்கு பிரகாஷ் சொல்லியிருப்பான் போலத்தான் இருக்கிறது. ஆனால் அன்று காய்ப்பு நேரம், காதில் போனும் கையில் பெட்டியுமாக நின்றேன். பாதிதான் காதில் விழுந்தது.

உன் டீம் அந்த ஆட்டம் வரைக்கும் வந்துவிட்டது மணி. போன தையில் நீ அழுதது இதே ஆட்டத்துக்குத்தான். இந்தத் தடவை அவர்கள் ஊரிலேயே நடந்தது. விடியக்காலையில் நானும் அம்மாவும் அதே சொம்பில் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தோம். மாமா பாலக்கோடு மண்டிக்கு லோடு ஏற்றிக்கொண்டு போய்விட்டார். போகிற வழியெல்லாம் போன் போட்டு "என்னாச்சு, என்னாச்சு" என்று உயிரை எடுத்தார். அங்கே பனி கொட்டுகிறது. கோடு எது, தரை எது என்று தெரியவில்லை. ஆட்கள் நின்று பனியைப் பெருக்கித் தள்ளுகிறார்கள்.

"இந்தக் குளுருல என்னாத்துக்கு ஆடறானுங்க? வெயிலு வரட்டும்னு சொல்லக் கூடாதா?" என்றாள் அம்மா.

"டிக்கெட் வித்துட்டாங்கம்மா."

"உங்கப்பன் மாதிரியே பேசு."

முதல் பாதியில் உன் டீம் முன்னால் இருந்தது. பிறகு பின்னால் போனது. பிறகு நேரம் முடிகிறபோது இரண்டும் சமம். சரி, ஆளுக்குப் பாதி என்று முடித்துக்கொள்வார்கள் என்று நினைத்தேன். இந்தக் கட்டத்துக்கு வந்த பிறகு சமம் என்ற பேச்சே கிடையாதாம், யாராவது ஒருவர் ஜெயிக்கும் வரை ஆட்டம் நிற்காதாம். கூடுதல் நேரத்தில் இரண்டு பேருக்கும் ஒரு வாய்ப்பு கொடுத்தார்கள். இருவரும் ஒரு புள்ளியும் எடுக்கவில்லை, மறுபடி சமம். இனி யார் முதலில் புள்ளி எடுத்தாலும் அவ்வளவுதான் என்று பிரகாஷிடமிருந்து மெசேஜ் வந்தது. நான் போனைச் சொம்பிலிருந்து எடுத்துக் கையிலேயே பிடித்துக்கொண்டேன். எனக்கு எதற்கு இந்தப் பதற்றம், சொல்லு?

அப்போது எங்கிருந்தோ ஓர் ஒல்லி ஆள் வந்தான். அதுவரை அவனை நாங்கள் பார்த்த ஞாபகமே இல்லை. சட்டையில் அழுக்கே இல்லை. பனிக்குள் நின்று பந்தைக் காலால் ஓர் உதை விட்டான். அது இரண்டு கம்பத்துக்கும் நடுவில் போனது. அவ்வளவுதான், முடிந்தது, உன் டீம் ஜெயித்துவிட்டது. "இப்பத்தான் ஒருத்தன் காலுல ஒதச்சிருக்கான். இத்தன நேரம் இவன எங்க உக்கார வெச்சிருந்தானுங்க?" என்று கேட்டபடியே அம்மா அழுதாள்.

காகிதப் பூ கொட்டினார்கள். எல்லோர் தலையிலும் சாம்பியன் என்று எழுதின தொப்பி. ஜெயித்து ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை, அதற்குள் எப்படி எழுதினார்கள்? தோற்றிருந்தால் அந்தத் தொப்பியை என்ன செய்திருப்பார்கள்? மேடை போட்டு ஒரு கோப்பையைக் கொண்டுவந்து கொடுத்தார்கள். தூக்கினார்கள். தலைக்கு மேலே தூக்கினார்கள் மணி. நானும் அம்மாவும் எங்கள் கண்ணால் பார்த்தோம்.

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். "முடிஞ்சுது" என்றாள். நேராக டச்சுவிடம் போய் நின்றாள். வெகுநேரம் அங்கேயே நின்றாள். சந்தோஷமாக இருக்கிறாள் என்றுதான் நினைத்தேன்.

மாமா சும்மா இருப்பாரா? நம் ஊர்ப் பொங்கல் கபடிக்கே ஏழடிக்கு ஃபிளெக்ஸ் வைக்கிற ஆள். இரண்டே நாளில் பஸ் ஸ்டாப்பில் பேனர் ஏறிவிட்டது. நடுவில் நீ கூலிங்கிளாஸ் போட்டுக்கொண்டு நிற்கிற படம். கீழே, 'அமெரிக்காவில் கோப்பை வென்ற எங்கள் மணி டீமுக்கு நெஞ்சார்ந்த வாழ்த்துகள்' என்று எழுத்து. ஓரத்தில் அவர் படமும் சின்னதாக உண்டு, கேட்காதே. பஸ்ஸை விட்டு இறங்குகிறவர்கள் எல்லாம் அம்மாவிடம், "உங்க பையன் டீமு ஜெயிச்சிருச்சாமே" என்று சிரித்துக்கொண்டு கேட்டார்கள். ஆடி மாதத்திலிருந்து உன் பெயரை எல்லோரும் குரலைத் தாழ்த்தியே சொல்லிக்கொண்டிருந்தார்கள். சத்தமாக, சிரித்துக்கொண்டு சொன்னது அந்த இரண்டு நாள்தான். அதற்காகவே மாமாவை மன்னித்துவிட்டேன்.

அந்தப் பேனரைப் படம் எடுத்து ஸ்டேட்டஸில் போட்டேன். பிரகாஷ் உடனே கூப்பிட்டான். முதலில் சிரித்தான். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "அக்கா, இன்னும் ஃபைனல் இருக்குதுக்கா" என்றான்.

"எந்த ஃபைனலு? கோப்பை குடுத்துட்டாங்களே."

"அது கான்ஃபரன்ஸ் கோப்பை. நம்ம கணக்குல செமி ஃபைனல் மாதிரி. அந்தப் பக்கமும் ஒருத்தன் ஜெயிச்சிருக்கான்ல? ரெண்டு வாரம் கழிச்சு அவனோட ஆடணும். அதுல ஜெயிச்சாத்தான் உலகச் சாம்பியன். அதுக்கு வேற கோப்பை."

நான் அப்படியே வரப்பில் உட்கார்ந்துவிட்டேன். செமி ஃபைனலுக்கு யாராவது கோப்பை கொடுப்பார்களா? நம் ஊர்க் கபடியில் செமியில் தோற்ற இரண்டு பேருக்கு மூன்றாம் பரிசு, நாலாம் பரிசு கொடுப்போம். ஜெயித்தவனுக்குக் கையில் ஒன்றும் கிடையாது, போய் ஃபைனல் ஆடு என்று அனுப்புவோம். அங்கே ஜெயித்தவனுக்குக் கோப்பை, தொப்பி, காகிதப் பூ எல்லாம் கொடுத்துவிட்டு, இன்னொரு ஆட்டம் பாக்கி என்கிறார்கள். தோற்றவனுக்கு ஒரு சொம்புகூடக் கிடையாது. அத்தனை மாதம் ஆடினவன் வெறும் கையோடு வீட்டுக்குப் போகிறான். எந்த நியாயத்தில் சேர்த்தி இது?

வீட்டில் வந்து சொன்னேன். மாமா முகம் சுருங்கிவிட்டது, பேனர் போய்விடுமே என்று. அம்மாதான் ரொம்பக் கலங்கினாள். அதற்குள் ஞாயிற்றுக்கிழமை பூஜைக்குப் பூசாரியிடம் சொல்லியாகிவிட்டது, சொந்தபந்தம், உறம்பரை எல்லோருக்கும் சொல்லியாகிவிட்டது. பூசாரியைக் கூப்பிட்டுக் கேட்டோம்.

"கோப்பையத் தூக்கினான்னுதாங்க சொன்னான். பெருசா சின்னதான்னு சொல்லலீங்களே" என்றார் அவர்.

"நான் கிட்டத்துலதாண்ணா நின்னேன். அழுதுகிட்டே சொன்னான். எனக்கு அவன் அழுவதான் கேட்டுச்சு" என்றாள் அம்மா.

மாமா ஒரு நியாயம் சொன்னார். அன்று நீ தோற்றது இதே கான்ஃபரன்ஸ் ஆட்டத்தில், அப்படியானால் நீ கேட்டதும் இதே கோப்பையாகத்தான் இருக்கும் என்று. போனில் பிரகாஷ் அதை ஒப்புக்கொள்ளவில்லை. "இந்தக் கோப்பையோட திருப்திப்பட்டுட்டு உக்கார்ற ரசிகன் எவனும் கிடையாதுண்ணா. மணி பெருசைத்தான் கேட்டிருப்பான்." இரண்டும் சரியாகவே படுகிறது. நீயே சொல்லு, எது சரி? அன்று காலை உன் கண்ணுக்கு முன்னால் போனது சின்னக் கோப்பை. உன் மனதில் இருந்தது எது? நீ வேண்டிக்கொள்ளும்போது நான் பக்கத்தில் இல்லையே என்று இப்போது ஆத்திரமாக வருகிறது.

இப்போது வெட்டி, நீ வேண்டினது பெரிய கோப்பைக்கு என்றால், முன்னாலேயே வெட்டியது செல்லாது. வெட்டாமல் விட்டு, வேண்டினது இதற்குத்தான் என்றால், சாமியைக் காக்க வைத்த குற்றம். அம்மா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. கடைசியில் பூசாரிதான், "சாமியவே கேட்டுருவோமுங்க. தண்ணி ஊத்துவோம். சிலுப்புச்சுன்னா உத்தரவு. சிலுப்பலீன்னா இல்ல" என்றார். எந்தக் கிடாவுக்கும் அதுதானே வழக்கம், இதற்கு மட்டும் என்ன?

ஞாயிற்றுக்கிழமை டச்சுவுக்கு மாலை போட்டுக் கூட்டிக்கொண்டு போனோம். நன்றாக வளர்ந்துவிட்டது மணி, நீ பார்த்தால் அடையாளம் தெரியாது. கொம்பு வளைந்து, கழுத்து தடித்து, மாப்பிள்ளை மாதிரி நடந்தது. வளர்த்தவள் என்று அம்மாதான் பிடித்துக்கொண்டாள். பூசாரி மஞ்சள் தண்ணீரை முதுகில் ஊற்றினார். எல்லோரும் அதன் முதுகையே பார்த்தோம். அசையவில்லை. "மணி டீமு ஜெயிச்சிருக்குது சாமி, ஏத்துக்க" என்று சொல்லி மறுபடி ஊற்றினார். அசையவில்லை. மாமா கையெடுத்துக் கும்பிட்டு, "ஜெயிச்சது கான்ஃபரன்சுதான், ஆனாலும் பெரிய கோப்பைதான் சாமி" என்று வக்கீல் மாதிரி பேசிப் பார்த்தார். மூன்றாவது தடவை குடத்தையே கவிழ்த்தார் பூசாரி. தண்ணீர் சொட்டச் சொட்ட டச்சு கல் மாதிரி நின்றது.

அப்போது தற்செயலாக அம்மாவின் கையைப் பார்த்தேன்.

கட்டைவிரல் கொம்படியில் இருந்தது. மற்ற விரல்கள் தாடைக்கு அடியில். விரல் கணுவெல்லாம் வெளுத்துப்போயிருந்தது. அம்மா கண்ணை மூடிக்கொண்டு, சாமி கும்பிடுகிற மாதிரி நின்றாள்.

நான் பார்வையை டச்சுவின் முதுகுக்கே திருப்பிக்கொண்டேன்.

"உத்தரவு இல்லீங்க. இன்னொரு ஆட்டம் இருக்குதுன்னு அதுக்குத் தெரிஞ்சிருக்குது" என்றார் பூசாரி. கூட்டத்துக்குப் புல்லரித்துவிட்டது. முனியப்பனுக்கு அமெரிக்க ஆட்டத்தின் சட்டதிட்டமெல்லாம் தெரியும் என்று மாமா இன்றைக்கு வரைக்கும் மண்டியில் சொல்லிக்கொண்டிருக்கிறார். பேனரில் 'கோப்பை வென்ற' என்ற இடத்தில் 'ஃபைனலுக்குப் போன' என்று காகிதம் ஒட்டிவிட்டார். வந்த உறம்பரைக்கு நாட்டுக்கோழி அடித்தோம்.

கோயிலை விட்டு வெளியே வந்ததும் அம்மா பிடியை விட்டாள். விட்டதுதான் தாமதம், தலையிலிருந்து வால் வரைக்கும் ஓர் உதறு உதறியது டச்சு. மஞ்சள் தண்ணீர் முழுக்க என் முகத்தில். மற்றவர்கள் உள்ளே பேசிக்கொண்டிருந்தார்கள். அம்மா திரும்பிப் பார்க்கவில்லை. கயிற்றைப் பிடித்துக்கொண்டு முன்னால் போய்க்கொண்டே இருந்தாள். நான் முந்தானையால் துடைத்துக்கொண்டேன்.

உன் நிம்மதிக்காக வாராவாரம் ஸ்கோர் கேட்டவள் அவள். வேண்டுதல் முடியவில்லையே என்று சோறு இறங்காமல் இருந்தவள். அவள்தான் அப்படிப் பிடித்தாள். எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. சாமியை ஏமாற்றிவிட்டாளா? உன்னை ஏமாற்றிவிட்டாளா? அல்லது நீ அந்தக் குட்டிக்குப் பேர் வைத்தாயே, அன்றைக்கே இது முடிவாகிவிட்டதா?

நேற்று சாயங்காலம் தழை போட்டுக்கொண்டே கேட்டாள்.

"அடுத்த ஆட்டம் எப்ப பாப்பா?"

"வர்ற திங்கக்கெழம வெடியாலம்மா."

"தோத்துட்டா?"

"தோத்துட்டா அடுத்த வருசம்தான். மறுபடியும் மொதல்ல இருந்து."

"மொதல்ல இருந்துன்னா? இந்த வருசம் ஜெயிச்சதெல்லாம் கணக்குல வராதா?"

"வராதும்மா. எல்லாருக்கும் சைபர்லருந்துதான்."

விரல் விட்டு மாதத்தை எண்ணினாள். "அப்ப மறுபடியும் தையி வரைக்கும் ஆவும்" என்றாள். குரலில் ஒரு சந்தோஷம் இருந்தது, மறைக்கத் தெரியவில்லை அவளுக்கு. டச்சுவின் நெற்றியைச் சொறிந்துவிட்டாள். "வருசா வருசம் தோத்தாலும் அந்த ஊருக்காரங்க மறுபடி வந்து உக்காருவாங்கன்னு சொல்லுவானே, அவங்களுக்கும் யாராச்சும் இப்படிப் போயிருப்பாங்களோ என்னமோ" என்றாள்.

நான் எதை வேண்டிக்கொள்ளட்டும் மணி? ஜெயித்தால் உன் ஆசை நிறைவேறும். ஆனால் நம் வீட்டில் உன் கையால் வந்து மூச்சுவிடுகிற ஒன்று இல்லாமல் போகும். தோற்றால் அம்மாவுக்கு ஒரு வருடம் கிடைக்கும். ஆனால் நீ அந்தப் போர்வைக்குள் உட்கார்ந்து அழுத முகம் எனக்குத் தெரியுமே. உன் டீம் தோற்க வேண்டும் என்று நானே எப்படிக் கேட்பது? வாய் வரவில்லை. ஜெயிக்க வேண்டும் என்று கேட்கவும் வரவில்லை. சாமி முன்னால் போய்ச் சும்மா நின்றுவிட்டு வருகிறேன்.

ஒன்று மட்டும் உனக்குச் சத்தியமாகச் சொல்கிறேன். திங்கட்கிழமை விடியலில் அதே சொம்பில் போனைச் சாய்த்து வைத்து, உனக்காகக் கடைசி வரைக்கும் பார்ப்பேன். உன் டீம் ஜெயித்தால் மனதாரக் கை தட்டுவேன். அப்புறம் டச்சுவை மறுபடி கூட்டிப்போய் நிறுத்துவார்கள், மறுபடி குடம் குடமாக ஊற்றுவார்கள். அம்மாவுக்கு வயதாகிறது, அவ்வளவு நேரம் இறுக்கிப் பிடித்தால் கை வலிக்கும். இந்தத் தடவை நான் பிடித்துக்கொள்கிறேன். அந்தப் பிடி எனக்கும் தெரியும்.

உனக்கும் அம்மாவுக்கும் நடுவில் நின்று முழிக்கும்,
உன் அக்கா
செல்வி